சுத்தியல் அவருடையது, பேச்சு அவளுடையது

மொத்தக் காய்கறிச் சந்தையில் அவரை எல்லாரும் வெண்கலம் என்றுதான் கூப்பிட்டார்கள். பெற்றோர் வைத்த பெயர் ஒன்று இருந்தது. அது அடையாள அட்டையோடு சரி. விடிவதற்கு முன்னால் லாரிகள் வந்து மூட்டைகளை இறக்கியதும், கவிழ்த்துப் போட்ட மரப்பெட்டி ஒன்றின் மேல் ஏறி நின்று ஏலம் கூவ ஆரம்பிப்பார். மைக் கிடையாது. அந்தத் தொண்டைக்கு மைக் எதற்கு? சந்தையின் மறுகோடியில் டீ குடித்துக்கொண்டிருக்கிறவன் டம்ளரை அப்படியே வைத்துவிட்டு ஓடிவருவான்.

நல்ல வாய் அவருக்கு. தக்காளி கொஞ்சம் கனிந்து போயிருந்தால், "இது நேத்து வந்த பழம் இல்லை, நேத்துல இருந்து உங்களுக்காகக் காத்திருக்கிற பழம்" என்பார். முற்றிய வெண்டைக்காயை, "பல்லு இருக்கிறவங்க மட்டும் கேளுங்க" என்று கூவுவார். வாங்குகிறவர்களுக்கு உண்மை தெரியும். தெரிந்தேதான் சிரித்துக்கொண்டு விலையை ஏற்றிவிடுவார்கள். அதைப் பொய் என்று யாரும் நினைத்ததில்லை. ஏலம் என்றால் அப்படித்தான்.

ஊரில் வருஷத்துக்கு ஒரு முறை ஓவியங்களும் பழம்பொருள்களும் விற்கிற கண்காட்சி ஒன்று நடக்கும். பள்ளிக்கூட விடுமுறையில், பள்ளிக்கூட ஹாலில். அதை ஆரம்பித்தவர் ஒரு பல் டாக்டரம்மா. தன் தம்பி தீராத நோயில் படுத்துக் கடைசி மாதங்களை ஓர் இல்லத்தில் கழித்தபோது, அங்கே இருந்த நர்சுகள் அவனைப் பார்த்துக்கொண்ட விதத்தை அந்த அம்மா மறக்கவில்லை. இல்லத்துக்குக் கூரை ஒழுகியது, கட்டில்கள் போதவில்லை. அதனால் வீடு வீடாகப் போய், பரணில் கிடக்கும் பழைய நாற்காலி, விளக்கு, பீங்கான், கடிகாரம் என்று கேட்டு வாங்கி, ஓவியம் வரைகிறவர்களிடம் ஆளுக்கொரு படம் வாங்கி, விற்றுக் கொடுக்க ஆரம்பித்தார். நல்ல சாமான்களைக் கடைசி நாள் சாயங்காலம் ஏலம் விடுவார்கள்.

முதல் வருஷ ஏலத்தை ஓய்வு பெற்ற பேராசிரியர் ஒருவர் நடத்தினார். ஒவ்வொரு நாற்காலிக்கும் அதன் வரலாற்றைச் சொன்னார். நாற்காலி பற்றிக் கேட்டவர்கள் உட்கார்ந்திருந்த நாற்காலியிலேயே தூங்கினார்கள். கமிட்டியில் இருந்த ஓட்டல்காரர், தான் தினமும் காய்கறி எடுக்கிற சந்தையில் ஒரு ஆள் இருக்கிறார் என்று சொல்ல, மறு வருஷம் வெண்கலம் மேடை ஏறினார்.

கலை பற்றி அவருக்கு ஒன்றும் தெரியாது. அதை அவர் மறைக்கவும் இல்லை. பூசணிக்காயைத் தூக்கிக் காட்டுவது போல ஒரு பழைய உருவப்படத்தைத் தூக்கிக் காட்டினார். "இவரைப் பாருங்க. யாரோட தாத்தாவோ தெரியாது. நம்ம வீட்டுல மாட்டினா நம்ம தாத்தா." ஹால் குலுங்கியது. படம் போயிற்று. அதற்குப் பிறகு, அவர் இல்லாமல் அந்த ஏலம் இல்லை என்றாகிவிட்டது. சாமான் வாங்காதவர்கள்கூட அவர் பேச்சைக் கேட்பதற்காக வந்து சுவரோரம் நின்றார்கள்.

வருஷா வருஷம் கடைசி வரிசையில் ஒரு பெண் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பையில் வெந்நீர் பிளாஸ்க் இருக்கும். அவர் மனைவி. பெரிய ஆஸ்பத்திரியில் துணி அறையில் வேலை. கிழிந்த படுக்கை விரிப்புகளையும் தலையணை உறைகளையும் மெஷினில் போட்டு ஒட்டுத் தைப்பது அவள் பிழைப்பு. நாளெல்லாம் மெஷின் சத்தத்துக்கு நடுவே இருப்பவளுக்குப் பேச்சை நீட்டிப் பழக்கமில்லை. வீட்டிலோ அதற்கு இடமும் இல்லை. அவள், "நாளைக்கு நான்..." என்று ஆரம்பித்தால், "சீக்கிரம் போகணும், அவ்வளவுதானே? போயிட்டு வா" என்று அவர் முடித்துவிடுவார். அவள் சொல்ல வந்தது வேறாக இருக்கும். ஆனால் அதைத் திருத்துவதைவிட, சீக்கிரமாகவே கிளம்பிப் போய்விடுவது சுலபம். அவர் கெட்டவர் இல்லை. கை ஓங்கியதில்லை, குடித்ததில்லை, சம்பளத்தை அப்படியே கொண்டுவந்து கொடுப்பார். பேசுவார், அவ்வளவுதான்.

குரல் கரகரத்தபோது சந்தையில் யாரும் கவலைப்படவில்லை. "வெண்கலத்துக்குக் களிம்பு ஏறிடுச்சு" என்று கேலி செய்தார்கள். அவரும் சேர்ந்து சிரித்தார். மிளகைக் கடித்துப் பார்த்தார், உப்புத் தண்ணீர் கொப்பளித்தார். தான் வேலை செய்யும் ஆஸ்பத்திரியிலேயே காட்டலாமே என்று மனைவி இரண்டு மூன்று தடவை சொல்ல ஆரம்பித்தாள். "சளி" என்று அவர் முடித்தார். கடைசியில் ஒரு நாள் ஏலத்துக்கு நடுவில் வாயைத் திறந்தவருக்குக் காற்று மட்டும் வந்தது. வாங்க வந்தவர்கள் முதலில் அது ஏதோ புது வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தார்கள்.

டாக்டர் சுற்றி வளைக்கவில்லை. குரல்வளையை முழுசாக எடுத்துவிட வேண்டும், எடுத்தால் உயிர் தப்பும், கழுத்தில் ஒரு துளை வழியாக மூச்சு விட வேண்டும், சொந்தக் குரல் இருக்காது என்றார். வெண்கலம் யோசித்துச் சொல்வதாகச் சொன்னார். யோசிக்க என்ன இருக்கிறது என்று மனைவி அப்போதே கையெழுத்துப் போட்டாள்.

ஆபரேஷனுக்கு முந்தின நாள் சாயங்காலம் முழுக்க அவர் பேசினார். கரகரத்த குரலில், மூச்சு வாங்க வாங்க. பின்கதவுச் சாவியை உள்ளே அழுத்திவிட்டுத் திருப்ப வேண்டும் என்றார். குழாய் ஒழுகினால் யாரைக் கூப்பிட வேண்டும், யாரைக் கூப்பிடக் கூடாது என்றார். பக்கத்து வீட்டுக்காரனிடம் நம் ஏணி இருக்கிறது, அவனாகத் தரமாட்டான் என்றார். பக்கத்துக் கட்டில்காரர் திரும்பித் திரும்பிப் படுத்தார். மனைவி எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். காலையில் ஸ்ட்ரெச்சரைத் தள்ளிக்கொண்டு போகும்போதுதான், முக்கியமாக எதையோ சொல்லாமல் விட்டுவிட்டோம் என்று அவருக்குத் தோன்றியது. என்னவென்று பிடிபடவில்லை. "வந்துடறேன்" என்றார். "சரி" என்றாள் அவள். அவருடைய சொந்தத் தொண்டையிலிருந்து வந்த கடைசி வார்த்தை அந்த 'வந்துடறேன்'தான்.

உயிர் தப்பியது. வீடு திரும்பினார். கழுத்துத் துளைக்கு மேலே ஒரு மெல்லிய துணியைக் கட்டிக்கொண்டார். அதை மனைவி ஆஸ்பத்திரித் துணியில் வெட்டித் தைத்துக் கொடுத்தாள். வெளியூரில் கல்யாணமாகிப் போயிருந்த மகள் வந்து, குழந்தைகள் எழுதி எழுதி அழிக்கிற பலகை ஒன்றை வாங்கிக் கொடுத்துவிட்டுப் போனாள்.

முதல் சில வாரங்கள் வீட்டில் ஈ பறந்தால் கேட்கும். இருவரும் சாப்பிட்டார்கள், பாத்திரம் கழுவினார்கள், படுத்தார்கள். பிறகு ஒரு மத்தியானம், தட்டில் கத்தரிக்காயைப் பரிமாறிக்கொண்டே மனைவி சொன்னாள்.

"எனக்குக் கத்தரிக்காய் பிடிக்காதுங்க."

அவர் நிமிர்ந்து பார்த்தார். கல்யாணமான வாரத்திலிருந்து சந்தையில் நல்ல கத்தரிக்காயாகப் பொறுக்கி எடுத்து அவளுக்கென்று கொண்டுவந்திருக்கிறார். பலகையை எடுத்து, "ஏன் சொல்லல?" என்று எழுதினார்.

"சொல்ல ஆரம்பிச்சேன். நீங்க முடிச்சிட்டீங்க."

அதைக் கோபமாகச் சொல்லவில்லை. மழை வரும்போல இருக்கிறது என்று சொல்வது போலச் சொன்னாள். அன்றிலிருந்து அவள் பேச்சு மெல்ல மெல்ல வீட்டுக்குள் வர ஆரம்பித்தது. ஆஸ்பத்திரித் துணி அறையின் மேற்பார்வைக்காரி யாரிடம் எப்படி நடந்துகொள்வாள், கீழ்வீட்டுக்காரர் காலணியை எங்கே விடுகிறார், மகளின் மாமியார் ஏன் அப்படிச் சிரிக்கிறாள். அவளுக்கு எல்லாவற்றைப் பற்றியும் ஒரு கருத்து இருந்தது. பெரும்பாலும் இரண்டே வாக்கியத்தில் முடிகிற கருத்து. அவர் குறுக்கே புக நினைத்துப் பலகையைத் தேடி எடுத்து பேனா மூடியைத் திறப்பதற்குள் அவள் அடுத்த விஷயத்துக்குப் போயிருப்பாள். சில நாள் மேசையைத் தட்டினார். "இருங்க, முடிச்சிடறேன்" என்றாள். முடித்தாள்.

ஒரு காலை சந்தைக்குப் போய்ப் பார்த்தார். அவருடைய மரப்பெட்டியின் மேல் வேறு ஒருவன் நின்று கூவிக்கொண்டிருந்தான். மோசமில்லை. பழைய கூட்டாளிகள் சுற்றி நின்று தோளைத் தட்டினார்கள், இரண்டு நிமிஷம் அவர்களே பேசினார்கள், பிறகு என்ன பேசுவதென்று தெரியாமல் மூட்டைகளைப் பார்க்கப் போனார்கள். அவருக்கு மனதைக் குடைந்தது அதுவல்ல. கழுத்து வழியாக மூச்சு விடுகிறவனுக்கு மூக்கில் வாசனை ஏறாது என்று டாக்டர் முன்பே சொல்லியிருந்தார். சொன்னபோது அது ஒரு பொருட்டாகப் படவில்லை. இப்போது கொத்துமல்லிக் கட்டுகளுக்கும் ஈரச் சாக்குகளுக்கும் நடுவே நின்றுகொண்டிருந்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நிற்கிற மாதிரி இருந்தது. சந்தைச் சங்கத்தார் வாசலில் லாரிகளுக்குச் சீட்டுக் கொடுக்கிற வேலையைத் தருவதாகச் சொன்னார்கள். பேச வேண்டியதில்லை, கையை நீட்டினால் போதும். தலையாட்டிவிட்டு வந்தார்.

குரல்வளை போனவர்களுக்கு அந்த இல்லத்தில் வாரம் ஒரு நாள் பேச்சுப் பயிற்சி நடந்தது. இத்தனை வருஷம் அந்த இல்லத்துக்காக ஏலம் விட்டவர் ஒரு நாள்கூட அதற்குள் போனதில்லை. நோயாளியாகத்தான் முதலில் போனார். அங்கே இருந்த நர்ஸ், டார்ச் லைட் மாதிரி ஒரு கருவியைக் கொடுத்து, தாடைக்குக் கீழே அழுத்திக்கொண்டு வாயசைக்கச் சொன்னாள். உள்ளே வண்டு சிக்கிக்கொண்டது போல ஒரே சுருதியில் ஒரு ரீங்காரம் வந்தது.

"நல்லா வருது. பழகிடும்" என்றாள் நர்ஸ். "கண்காட்சிப் பணத்துல வாங்கினதுதான். பத்திரமா வச்சுக்கங்க."

அவர் பத்திரமாகத்தான் வைத்தார். வீட்டு அலமாரி இழுப்பறையில், சட்டைகளுக்கு அடியில். வெண்கலம் என்று பெயரெடுத்தவன் வண்டு மாதிரி பேசுவதற்குப் பேசாமலே இருந்துவிடலாம் என்பது அவர் முடிவு.

கண்காட்சி நெருங்கியபோது பல் டாக்டரம்மா வீட்டுக்கு வந்தார். கையில் பழக்கூடை. உட்கார்ந்து, உடம்பு விசாரித்து, சுவரைப் பார்த்து, தரையைப் பார்த்து, ஒருவழியாக விஷயத்துக்கு வந்தார்.

"ரேடியோவுல அறிவிப்புச் செய்யற ஒருத்தரைக் கேட்டிருக்கோம். ஆனா நீங்க மேடையில இல்லைன்னா ஜனங்களுக்கு ஏலம் மாதிரியே இருக்காது. சுத்தியலை மட்டும் நீங்க பிடிச்சா போதும். சும்மா வந்து உக்காருங்க."

வெண்கலம் தலையை இடமும் வலமும் ஆட்டினார். காட்சிப் பொம்மையாக உட்கார அவருக்கு மனமில்லை.

சமையலறை வாசலில் நின்றிருந்த மனைவி, "அவர் வருவார்" என்றாள்.

இருவரும் திரும்பிப் பார்த்தார்கள்.

"ரேடியோக்காரர் வேண்டாம். நான் பேசறேன்."

பல் டாக்டரம்மா ஒரு தம்ளர் தண்ணீர் கேட்டார். அது யோசிப்பதற்கான நேரம். தண்ணீரைக் குடித்துவிட்டு, "பேசியிருக்கீங்களா, முன்னாடி எங்கேயாவது?" என்று கேட்டார்.

"இல்லம்மா. ஆனா கேட்டுக்கிட்டே இருந்திருக்கேன்."

டாக்டரம்மா போனதும் வீட்டில் சண்டை நடந்தது. ஒருவருக்கு வாய் இல்லாததால் அது அக்கம்பக்கத்துக்குத் தெரியவில்லை. பலகையில் பெரிய எழுத்தில், "உனக்கு என்ன தெரியும்?" என்று எழுதி அவள் முகத்துக்கு நேரே பிடித்தார்.

"ஒண்ணும் தெரியாது. உங்களுக்கு என்ன தெரிஞ்சுது?"

அவர் அதை அழித்துவிட்டு வேறு எதையோ எழுத ஆரம்பித்தார். பாதியில் நிறுத்தி அதையும் அழித்தார்.

கடைசி நாள் சாயங்காலம் ஹால் நிறைந்திருந்தது. வெண்கலத்துக்கு என்ன ஆயிற்று என்று ஊருக்கே தெரியும். பாதிப் பேர் அதற்காகவே வந்திருந்தார்கள். அவர் மேசைக்குப் பின்னால் சுத்தியலோடு உட்கார்ந்தார். சுத்தமான சட்டை, கழுத்தில் வெள்ளைத் துணி. பக்கத்தில் மனைவி மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நின்றாள். ஒரு கை மேசை விளிம்பைப் பிடித்திருந்தது. அது எவ்வளவு இறுக்கமான பிடி என்று அவர் மட்டும் பார்த்தார்.

முதல் சாமான் ஆடும் நாற்காலி. அவருக்குக் குரல் இருந்திருந்தால், உட்கார்ந்தால் கவலையெல்லாம் முன்னுக்குப் போய்ப் பின்னுக்கு வரும் என்று ஆரம்பித்திருப்பார். அவள் நாற்காலியை ஒரு சுற்று சுற்றி வந்து, கைப்பிடியைப் பிடித்துப் பார்த்தாள்.

"இது ஆடற நாற்காலி" என்றாள் மைக்கில். "நல்லாத்தான் ஆடுது. ஆடக் கூடாத கைப்பிடியும் கொஞ்சம் ஆடுது. ஒரு ஆணி அடிச்சா சரியாயிடும்."

எங்கிருந்தோ ஒருவர் சிரித்தார். சிரிப்பு வரிசை வரிசையாகப் பரவியது. அவள் எதற்குச் சிரிக்கிறார்கள் என்று பின்னால் திரும்பிப் பார்த்தாள். அது இன்னும் சிரிப்பை ஏற்றியது. வெண்கலத்துக்கு உடம்பு கூசியது. விற்கிற பொருளின் குறையை விற்கிறவளே சொல்வதா? சந்தையாக இருந்தால் பெட்டியிலிருந்து இறக்கிவிட்டிருப்பார்கள். அவர் வாயைத் திறந்தார். பழைய பழக்கம். காற்றுகூட வாய் வழியாக வரவில்லை. மூடிக்கொண்டார்.

அப்போது இரண்டாம் வரிசையில் ஒரு கை உயர்ந்தது. அவளுக்கு அது தெரியவில்லை. அவருக்குத் தெரிந்தது. கூட்டத்தில் எந்தக் கை விலை கேட்கிறது, எந்தக் கை தலை சொறிகிறது என்று பார்ப்பது அவர் ரத்தத்தில் ஊறியது. சுத்தியலால் அந்தப் பக்கம் சுட்டினார். அவள் விலையைச் சொன்னாள். இன்னொரு கை. சுத்தியல் நகர்ந்தது. எங்கே நிறுத்திக் காத்திருக்க வேண்டும், எப்போது சுத்தியலை மெதுவாகத் தூக்க வேண்டும் என்பதெல்லாம் அவர் கையில் இருந்தது. தூக்கிய சுத்தியலைப் பார்த்து மூன்றாவது ஆள் பதறிக்கொண்டு கையைத் தூக்கினார். டக். நாற்காலி போயிற்று.

அப்படியே போனது ஏலம். பீங்கான் ஜாடியைத் தூக்கி, "உள்ளே விரிசல் இல்லை, கையை விட்டுப் பார்த்துட்டேன்" என்றாள். கண்ணாடி ஒன்றில் முகம் பார்த்து, "இதுல கொஞ்சம் ஒல்லியாத் தெரியறேன்" என்றாள். அதற்குப் போட்டா போட்டி. பித்தளை விளக்கு ஒன்று வந்தது. பல் டாக்டரம்மாவே தன் வீட்டிலிருந்து கொடுத்தது. அவள் அதன் ஒயரைப் பார்த்தாள். "இது அழகா இருக்கு. ஆனா ஒயரைப் பார்த்தா பயமா இருக்கு. நான் செருகமாட்டேன்." ஒரு கையும் உயரவில்லை. வெண்கலம் சுத்தியலைக் காற்றில் எவ்வளவு நேரம் வைத்திருந்தும் உயரவில்லை. முன்வரிசையில் டாக்டரம்மா கைக்குட்டையை மடித்துப் பிரித்து மடித்துக்கொண்டிருந்தார். விளக்கை விற்காமலே கீழே இறக்கினார்கள். உண்மைக்கு அப்படி ஒரு குணம் உண்டு. ஆளுக்கு ஆள் சலுகை காட்டாது.

அடுத்து வந்தது சிமெண்ட் ஏஜெண்டின் ஓவியம். அவர் ஊரில் பெரிய புள்ளி. கண்காட்சிக்குப் பந்தலும் மேசைகளும் அவர் செலவு. வருஷம் தவறாமல் தன் கையால் ஒரு கடல் வரைந்து கொடுப்பார். காக்கைக்குத் தன் குஞ்சு பொன்குஞ்சு. வெண்கலம் ஒவ்வொரு வருஷமும், "கிட்ட வந்தா நனைஞ்சிடுவீங்க, தள்ளி நில்லுங்க" என்று அந்தக் கடலைக் கூவுவார். ஏஜெண்டின் கடை மேனேஜர் பின்னாலிருந்து கையைத் தூக்குவார். படம் ஏஜெண்டின் கிடங்குக்கே திரும்பிப் போய்விடும். எல்லாருக்கும் தெரிந்த ரகசியம். இல்லத்துக்கும் நஷ்டமில்லை.

மனைவி படத்துக்கு முன்னால் நின்றாள். தலையை இந்தப் பக்கம் சாய்த்தாள், அந்தப் பக்கம் சாய்த்தாள். வெண்கலம் மேசைக்கு அடியில் அவள் காலைத் தன் காலால் தட்டினார். அவள் காலை நகர்த்திக்கொண்டாள்.

"இது கடல்னு எழுதியிருக்கு" என்றாள். "எனக்குப் பார்த்தா, துவைச்சுக் கொடியில போட்ட நீலப் போர்வை மாதிரி இருக்கு. காத்துல லேசா எழும்புது பாருங்க, இந்த இடத்துல. போர்வைன்னு நினைச்சுப் பார்த்தா ரொம்ப அழகா இருக்கு."

ஒருவரும் சிரிக்கவில்லை. எல்லாத் தலைகளும் ஏஜெண்ட் பக்கம் திரும்பின. அவர் முகத்தில் ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. பின்வரிசையில் மேனேஜர் பாதி தூக்கிய கையைத் தூக்குவதா இறக்குவதா என்று தெரியாமல் காதைத் தடவினார். பந்தலும் மேசைகளும் வெண்கலத்தின் கண்முன் வந்து போயின.

அன்று காலை சட்டை எடுக்கும்போது இழுப்பறையில் கருவி கையில் பட்டிருந்தது. எதற்கென்று தெரியாமலே பையில் போட்டுக்கொண்டு வந்திருந்தார். இப்போது அதை எடுத்து, கழுத்துத் துணியை ஒதுக்கி, தாடைக்குக் கீழே அழுத்தினார். மைக்கை இழுத்தார்.

"கடல்தான்" என்றார்.

ரீங்காரம் ஹால் முழுக்க ஓடி அடங்கியது. ஊரே தெரிந்து வைத்திருந்த குரலுக்குப் பதிலாக அந்தச் சத்தத்தைக் கேட்டவர்களுக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை. முன்வரிசையில் ஒரு பெண் கண்ணைத் துடைத்தாள். மனைவி மட்டும், வீட்டில் பதில் சொல்வது போல, "நான் இல்லைன்னு சொல்லலையே. எனக்குப் போர்வையாத் தெரியுதுன்னேன்" என்றாள்.

ஏஜெண்ட் சிரித்துவிட்டார். மனசு வந்து சிரித்தாரா, வேறு வழியில்லாமல் சிரித்தாரா என்று சொல்ல முடியாது. ஆனால் அவர் சிரித்ததும் ஹால் மூச்சுவிட்டது. அந்த இடைவெளியில் இடது ஓரமாக ஒரு கை உயர்ந்தது. மேனேஜர் இல்லை. கடைத்தெருவில் சலவைக்கடை வைத்திருக்கிறவர். மேனேஜர் கடமை தவறாமல் தானும் தூக்கினார். சலவைக்கடைக்காரர் விடவில்லை. இருவரும் மாறி மாறிப் போனார்கள். கடைசியில் ஏஜெண்டே பின்னால் திரும்பி, மேனேஜரைப் பார்த்துக் கையை இறக்கு என்று சைகை காட்டினார். வெண்கலம் சுத்தியலைத் தூக்கிக் கொஞ்சம் நேரம் நிறுத்தி வைத்துவிட்டு அடித்தார்.

ஏலம் முடிந்ததும் ஏஜெண்ட் நேராகச் சலவைக்கடைக்காரரிடம் போனார். "என்ன பிடிச்சு வாங்கினீங்க?" என்று கேட்டார். குரலில் அதிகாரம் இல்லை.

"அந்தம்மா சொன்னப்புறம் பார்த்தேங்க. நிஜமாவே காத்துல எழும்புது. கடையில கல்லாவுக்குப் பின்னால மாட்டப் போறேன்" என்றார் அவர்.

ஏஜெண்ட் ஓவியம் வரைய ஆரம்பித்த நாளிலிருந்து, முன்பின் தெரியாத ஒருவர் அவர் படத்தைக் காசு கொடுத்து வாங்கியது அதுதான் முதல் தடவை. கடலாகப் போகவில்லை என்பது ஒரு குறை. அந்தக் குறையை அவர் எப்படி எடுத்துக்கொண்டார் என்று அன்று யாருக்கும் தெரியவில்லை. படத்தைத் தானே காகிதத்தில் சுற்றிக் கட்டிக் கொடுத்தார்.

அந்த வருஷம் மொத்த வசூல் முந்தின வருஷத்தைவிடக் குறைவு. டாக்டரம்மா அதை மறைக்காமல் சொன்னார். விளக்கு விற்காமல் போனது மட்டுமல்ல, இன்னும் சில நல்ல சாமான்களும் அவள் வாயால் விலை இறங்கியிருந்தன. கமிட்டியில் வாக்குவாதம் நடந்தது. மறு வருஷம் ரேடியோக்காரர் முதல் பாதியும், இவர்கள் இருவரும் இரண்டாம் பாதியும் என்று முடிவானது. ரேடியோக்காரர் தங்கமான குரலில் அழகாகப் பேசினார். ஜனங்கள் கைதட்டிவிட்டு இரண்டாம் பாதிக்குக் காத்திருந்தார்கள். பெரிய சாமான்களை ரேடியோக்காரரிடமும், கொஞ்சம் அடிபட்ட சாமான்களை இவளிடமும் விடுவது நல்லது என்று டாக்டரம்மா போகப் போகக் கண்டுகொண்டார். விளக்குக்குப் புது ஒயர் போட்டுக் கொண்டுவந்தார். அதை இவளேதான் விற்றாள்.

வெண்கலம் சந்தை வாசலில் லாரிகளுக்குச் சீட்டுக் கொடுக்கப் போகிறார். கருவியைச் சட்டைப் பையில் வைத்திருக்கிறார். டிரைவர்களிடம் ரெண்டு வார்த்தை பேசுகிறார். முதலில் மிரண்டவர்கள் இப்போது அதிலேயே அவரைக் கேலி செய்கிறார்கள். வீட்டுக்கு வந்ததும் கருவியைச் சார்ஜில் போட்டுவிடுகிறார். சாப்பிட்டுத் தூங்கி எழும்வரை அது சார்ஜிலேயே இருக்கும். அவ்வளவு நேரம் ஏற வேண்டிய பாட்டரி இல்லை அது என்று மனைவிக்குத் தெரியும். அவள் கேட்பதில்லை. அவளுக்குச் சொல்ல நிறைய இருக்கிறது.

போன மாதம் சிமெண்ட் ஏஜெண்ட் வீட்டுக்கே வந்தார். காரிலிருந்து பெரிய படம் ஒன்றை இறக்கி, கூடத்துச் சுவரில் சாய்த்து வைத்தார். கண்காட்சிக்குக் கொடுப்பதற்கு முன்னால் ஒரு தடவை பார்த்துச் சொல்ல வேண்டும் என்று மனைவியிடம் கேட்டுக்கொண்டார். படத்தின் பேரை இன்னும் எழுதவில்லை என்றும் சொன்னார்.

அவள் ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு வந்து, தள்ளி நின்று பார்த்தாள்.

"மழையா?"

"காடும்மா" என்றார் ஏஜெண்ட்.

"அப்படியா? இலை ஒண்ணும் காணோமே."

"தூரத்துல இருந்து பார்க்கிற காடு."

அவள் இன்னும் கொஞ்சம் பின்னால் போய்ப் பார்த்தாள். அவரும் கூடவே பின்னால் போனார். இருவரும் போய்ப் போய்ச் சமையலறை வாசல்வரை வந்துவிட்டார்கள். நாற்காலியில் உட்கார்ந்திருந்த வெண்கலத்தின் தோள் குலுங்கியது. சத்தமில்லாமல்தான் அவர் சிரிக்க முடியும். கழுத்துத் துணி மட்டும் படபடவென்று அடித்துக்கொள்ளும்.

"இங்கே இருந்து பார்த்தா?" என்று கேட்டார் ஏஜெண்ட்.

"இங்கே இருந்து பார்த்தா" என்றாள் அவள் யோசித்து, "இன்னும் மழைதாங்க."